இருபத்திரண்டாவது மாடி, உள்பக்கம்

மார்ச் 3

அண்ணாவுக்கு,

தங்கை எழுதுவது. நான் ஃபோன் செய்தால் எடுப்பதில்லை என்று நீங்கள் முடிவெடுத்து நாற்பது நாள் ஆகிறது. அதனால் காகிதம். கிழித்துப் போடுவதாக இருந்தாலும் உறையைப் பிரித்துப் படித்துவிட்டுத்தான் கிழிப்பீர்கள். உங்கள் குணம் எனக்குத் தெரியாதா?

கல்யாணம் முடிந்து மூன்று வாரம் ஆகிறது. பதிவு அலுவலகத்தில் பத்து நிமிஷ வேலை. சாட்சிக் கையெழுத்துப் போட நான் வேலை பார்க்கும் மூக்குக் கண்ணாடிக் கடை முதலாளியம்மா வந்தார். என் வீட்டுக்காரரோடு பதினோரு வருஷமாகக் கயிற்றில் தொங்கி மாடி ஜன்னல் துடைக்கும் கூட்டாளி வந்தார். அவருக்குக் 'கொக்கி' என்று பட்டப்பெயர், எல்லாரும் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். "பொண்ணு வீட்டுல இருந்து யாரும் வரலையாம்மா?" என்று குமாஸ்தா கேட்டார். "நான்தான் சார் பொண்ணு வீடு" என்றேன். அவர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அன்றைக்குச் சாயங்காலம் அண்ணி எங்கே போனார் என்று கேட்காதீர்கள்; பல்வலி, டாக்டர் என்று உங்களிடம் சொல்லியிருந்தால், அது பல்வலியாகவே இருக்கட்டும்.

விஷயத்துக்கு வருகிறேன். நாங்கள் இன்னும் தேனிலவு போகவில்லை. ஏப்ரல் 12, 13 இரண்டு நாளும் அவருக்கு விடுமுறை வாங்க வைத்திருக்கிறேன். மலைப் பக்கம் போகிறோம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறார். போகப்போவது மலைக்கு இல்லை, நீங்கள் வேலை பார்க்கும் ஹோட்டலுக்கு. கடைசி மாடி, இருபத்திரண்டில், கட்டடம் 'ட' எழுத்து மாதிரி மடங்கும் இடத்தில் ஒரு மூலை அறை இருக்கிறதாமே, அந்த அறை. இதுதான் அவருக்கு என் கல்யாணப் பரிசு. அந்த அறையை எங்களுக்கு ஒதுக்கித் தர வேண்டும். வாடகையை நான் கட்டுகிறேன். உங்களிடம் கேட்பது சிபாரிசு இல்லை, அறை மட்டும்.

உங்கள் தங்கை


மார்ச் 9

தங்கைக்கு,

கடிதம் கிடைத்தது. கிழிக்கவில்லை.

'தங்கள் விருப்பத்தை நிறைவேற்ற இயலாமைக்கு வருந்துகிறோம்' என்று விருந்தினர்களுக்கு எழுதுவோம். உனக்கு அப்படி எழுத வேண்டியதில்லை. முடியாது.

ஏன் என்று நீ கேட்பாய். கேட்காமல் விட்டால் நீ என் தங்கையே இல்லை. அந்த ஆளை இந்த ஹோட்டலில் எல்லாருக்கும் தெரியும். சுவரில் ஒட்டிக்கொண்டு திரிவதால் 'பல்லி' என்று கூப்பிடுகிறார்கள். அது உனக்குத் தெரியுமோ தெரியாதோ. பின்பக்கச் சந்து வழியாக வந்து, வாளியோடு சர்வீஸ் லிஃப்டில் ஏறி, மொட்டை மாடிக்குப் போகிற மனிதரை, முன்வாசல் வழியாகக் கூட்டிக்கொண்டு வந்து என் வரவேற்பு மேஜைக்கு எதிரே நிறுத்தப் போகிறாயா? பையன்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். அவருக்குத்தான் அது அவமானம். அவர் நன்மைக்காகச் சொல்கிறேன்.

நானும் பின்பக்கமாக வந்தவன்தான். அப்பாவும் அம்மாவும் போனபோது எனக்குப் பத்தொன்பது, உனக்கு எட்டு. இதே ஹோட்டலில் பெட்டி தூக்கினேன். பின்வாசலில் இருந்து முன்பக்க மேஜைக்கு வர எனக்குப் பதினாறு வருஷம் ஆயிற்று. நீ ஒரே நாளில் ஒருவரைக் கூட்டிக்கொண்டு வரப் பார்க்கிறாய்.

மலைக்கே போங்கள். அங்கே நல்ல விடுதி ஒன்றில் எனக்குத் தெரிந்தவர் இருக்கிறார். வேண்டுமானால் சொல்கிறேன்.

அண்ணன்

பி.கு: அண்ணியின் பல் இப்போது பரவாயில்லை.


மார்ச் 14

அண்ணாவுக்கு,

அறை கிடைத்துவிட்டது. உங்கள் ஹோட்டலின் முன்பதிவுப் பிரிவுக்குச் சாதாரண வாடிக்கையாளராக ஃபோன் செய்தேன். "அந்த மூலை அறை காலியா இருக்கு மேடம், தேனிலவுக்குன்னா ரொம்பப் பொருத்தம்" என்று ஒரு பெண் தேனாகப் பேசினாள். அவளைத் திட்டாதீர்கள். நான் யார் என்று அவளுக்குத் தெரியாது.

பல்லி என்று கூப்பிடுவது எனக்குத் தெரியும். அவரே முதல் நாள் அப்படித்தான் அறிமுகம் செய்துகொண்டார். சோப்புத் தண்ணீர் கண்ணில் பட்டுச் சிவந்துபோய் எங்கள் கடைக்கு வந்தார். பரிசோதித்தால் தூரப்பார்வையே மங்கல். "இத்தனை நாள் எப்படி வேலை பாத்தீங்க?" என்று கேட்டேன். "என் வேலை முழுக்க ஒரு முழ தூரத்துக்குள்ள முடிஞ்சிடும்மா" என்றார். அவருக்கு லென்ஸ் அரைத்தது நான்தான். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கடை வாசலில் நின்று எதிர்சாரி போர்டுகளை ஒவ்வொன்றாக வாய்விட்டுப் படித்தார். பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி. அந்த நிமிஷமே எனக்கு மனம் சாய்ந்துவிட்டது என்று எழுதினால் அண்ணனிடம் எழுதுகிற விஷயமா இது என்பீர்கள். சரி, விடுகிறேன்.

ஏன் அந்த அறை என்று நீங்கள் கேட்கவே இல்லை. அதனால் நானே சொல்கிறேன். ஒருநாள் அவரிடம், "அவ்வளவு உசரத்துல தொங்கறீங்களே, ஜன்னல் வழியா உள்ள என்னென்ன பாத்திருப்பீங்க?" என்று குறும்பாகக் கேட்டேன். "என் மூஞ்சியைத்தான்" என்றார். பகலில் அந்தக் கண்ணாடி வெளியே இருப்பவனுக்கு முகம் பார்க்கிற கண்ணாடியாம், உள்ளே ஒன்றும் தெரியாதாம். "அப்ப ஊராவது நல்லாத் தெரியுமே?" என்றேன். "ஊரு முதுகுக்குப் பின்னால இருக்கும். திரும்பிப் பாத்துட்டு இருந்தா வேலை எங்க நடக்கும்?" என்றார். பதினோரு வருஷம். உள்ளேயும் பார்க்கவில்லை, வெளியேயும் பார்க்கவில்லை. எதைத் துடைத்தாரோ அதை மட்டுமே பார்த்திருக்கிறார்.

அந்தக் கண்ணாடிக்கு உள்பக்கம் இருந்து அவர் ஒருநாள் பார்க்க வேண்டும். மலையை யார் வேண்டுமானாலும் காட்டலாம். இதை நான்தான் காட்ட முடியும்.

அவருக்கு அவமானம் என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த வரியை மூன்று தடவை படித்தேன். அவருக்கா, உங்களுக்கா? கோபத்தில் கேட்கவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்கிறேன்.

தங்கை


மார்ச் 20

தங்கைக்கு,

நீ கேட்டதற்குப் பதில் எழுதி இரண்டு தாளைக் கசக்கிப் போட்டுவிட்டேன். இது மூன்றாவது.

எனக்குத்தான்.

உனக்குக் கல்யாணம் என்று அலுவலகத்தில் தெரிந்துவிட்டது. மாப்பிள்ளை என்ன செய்கிறார் என்று பெரிய மேலாளரே கேட்டார். 'கட்டடப் பராமரிப்புக் கம்பெனியில் அதிகாரி' என்று சொல்லிவிட்டேன். வாயில் வந்துவிட்டது. அதன்பிறகு ஆளாளுக்குக் கை கொடுத்தார்கள், நானும் வாங்கிக்கொண்டேன். இப்போது நீ அவரோடு வந்து நின்றால், பெட்டி தூக்கியவன் புத்தி பெட்டி தூக்கியவன் புத்திதான் என்று ஆகிவிடும்.

உன்னிடம் நான் எதையும் கேட்டதில்லை. இதைக் கேட்கிறேன். ரத்து செய்துவிடு. முடியாது என்றால் பக்கவாட்டுக் கதவு ஒன்று இருக்கிறது. முக்கியப் புள்ளிகள் கூட்டத்தைத் தவிர்க்க அதன் வழியாக வருவதுண்டு. சாவியை அங்கேயே கொடுக்க ஏற்பாடு செய்கிறேன். யாரும் பார்க்க மாட்டார்கள். அந்த இரண்டு நாளும் எனக்கும் விடுப்பு போட்டுவிட்டேன்.

அண்ணன்


மார்ச் 26

அண்ணாவுக்கு,

முன்வாசல் வழியாகத்தான் வருவோம்.

தங்கை


ஏப்ரல் 15

அண்ணாவுக்கு,

முந்தாநாள் ராத்திரி வீடு திரும்பினோம். விடுப்பில் இருப்பதாக எழுதியிருந்தீர்களே. பதின்மூன்றாம் தேதி காலை லிஃப்டுக்குப் பக்கத்தில் கோட்டின் கை கிழிந்து தொங்க, உள்ளங்கை சிவந்துபோய் நின்றது யார்? என்னைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டது யார்? நான் கூப்பிட வாயெடுப்பதற்குள் உள்ளே போய்விட்டீர்கள். அதனால் முதலில் நான் நடந்ததைச் சொல்கிறேன். பிறகு நீங்கள் சொல்லுங்கள்.

பன்னிரண்டாம் தேதி, மலைக்குப் போகிற ஆள் ஸ்வெட்டரோடு புறப்பட்டார். உங்கள் ஹோட்டல் நிறுத்தத்தில் பஸ்ஸிலிருந்து இறங்கச் சொன்னேன். "லீவுன்னு சொல்லிட்டு வேலைக்கே கூட்டிட்டு வந்துட்டியே!" என்றார். நான் முன்பதிவுத் தாளைக் காட்டினேன். படித்தார். மறுபடி படித்தார். பிறகு பழக்க தோஷத்தில் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்பக்கச் சந்துக்கு நடக்க ஆரம்பித்துவிட்டார். கையைப் பிடித்துத் திருப்பினேன். "வேண்டாம்மா, எல்லாரும் தெரிஞ்சவங்க" என்றார். "தெரிஞ்சவங்கன்னா நல்லதுதானே, வழி கேக்க வேண்டியதில்லை" என்றேன்.

வாசலில் கதவு திறந்துவிடும் மீசைக்காரர் எங்களைப் பார்த்தார். அவர் சிரிக்கத்தான் சிரித்தார். ஆனால் காது வரைக்கும் சிரித்தார். "பல்லி அண்ணே! இந்தப் பக்கமா வந்துட்டீங்களா! வாங்க வாங்க, அண்ணி வாங்க" என்று இரண்டு கதவையும் விரியத் திறந்து ஒரு சல்யூட் வைத்தார். பெட்டியைத் தூக்க இரண்டு பேர் போட்டி போட்டார்கள். யாரும் வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கவில்லை அண்ணா. நீங்கள் மேஜையில் இருந்திருந்தால் பார்த்திருக்கலாம்.

அறைக்கு வெளியே ஷூவைக் கழற்றினார். "இங்க உக்காரலாமா?" என்று நாற்காலியைக் காட்டிக் கேட்டார். பிறகு திரையை விலக்கினார். ஊர் முழுக்கக் கீழே கிடந்தது. மேம்பாலம், ரயில் பாதை, ஆற்றில் வெயில். என்ன சொல்லப் போகிறார் என்று அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். முதலில் எங்கள் கடையின் தண்ணீர்த் தொட்டியைக் கண்டுபிடித்தார். கடைசியில், "இங்க கண்ணாடி இருக்கறதே தெரியல பாத்தியா?" என்றார். "ஊரு கைக்கு எட்டற மாதிரி இருக்கு. அப்படித் துடைச்சு வெச்சிருக்கோம்!"

அதைச் சொன்னபோது அவர் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். கோயில் கட்டியவன் கோபுரத்தைப் பார்க்கிற மாதிரி. நான் கொடுத்த பரிசு சரியான இடத்தில் போய்ச் சேர்ந்துவிட்டது என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

மறுநாள் காலை, பலகாரம் முடிந்து உட்கார்ந்திருக்கிறோம். மேலிருந்து இரண்டு கால் இறங்கியது. கொக்கி அண்ணன்! எங்கள் ஜன்னலுக்குச் சோப்புப் போட்டு வைப்பரால் வழித்தார். வழித்து முடித்ததும் கண்ணாடியில் முகம் பார்த்துத் தலை சீவினார், பல்லைக் காட்டினார், மீசையை முறுக்கினார். உள்ளே நாங்கள் ஒரு முழ தூரத்தில் விழுந்து விழுந்து சிரிக்கிறோம், அவருக்குத் தெரியவில்லை. "ஐயோ, இத்தனை வருஷமா நானும் இதைத்தானே பண்ணியிருப்பேன்! எத்தனை பேர் பாத்திருப்பாங்க!" என்று தலையில் அடித்துக்கொண்டார் உங்கள் தங்கை வீட்டுக்காரர்.

கொக்கி அண்ணன் மேலே போய், கட்டடம் மடங்குகிற அடுத்த பக்கத்துக்குக் கயிற்றை மாற்றிக்கொண்டு இறங்கினார். எங்கள் அறையிலிருந்து பார்த்தால் அந்தப் பக்கச் சுவரும் மேலே மொட்டை மாடி விளிம்பும் எதிரில் நன்றாகத் தெரியும். இவர் சிரித்துக்கொண்டே பார்த்தவர் சட்டென்று நின்றுவிட்டார். எழுந்து கண்ணாடியில் நெற்றி இடிக்கிற மாதிரி நின்று பார்த்தார். "உறை நழுவிடுச்சு" என்றார். எனக்குப் புரியவில்லை. கயிறு விளிம்பில் உரசாமல் இருக்க ஒரு தடித்த உறை போடுவார்களாம். அது நழுவி, இரண்டு கயிறும் வெறும் சிமெண்டு முனையில் உரசிக்கொண்டிருந்தன. ஒரு கயிற்றில் மேல்தோல் பிரிந்து வெள்ளை நூல் தெரிந்தது. தொங்குகிறவனுக்கு அது தெரியாது. மேலே இருக்க வேண்டிய ஆளைக் காணவில்லை. நான் அரைத்துக் கொடுத்த லென்ஸ் இல்லாமல் இவருக்கும் தெரிந்திருக்காது.

ஃபோனை எடுத்து வரவேற்பில் ஏதோ பேசினார், ஓடினார். வெறும் காலோடு. நான் தனியாக ஜன்னல் ஓரம் நின்றேன். கொக்கி அண்ணன் ஏதோ பாட்டுக்குத் தலையாட்டிக்கொண்டே துடைத்துக்கொண்டிருந்தார். நான் அறை விளக்கெல்லாம் போட்டுக் கண்ணாடியைத் தட்டினேன். அவருக்கு எதுவும் தெரியவில்லை. அவருக்கு இரண்டு பெண் பிள்ளைகள் என்பது அப்போது ஏன் நினைவுக்கு வந்ததோ.

பிறகு மேலே விளிம்பில் இவர் தலை தெரிந்தது, தோள் தெரிந்தது, பாதி உடம்பு வெளியே வந்தது. நான் கண்ணை மூடிக்கொண்டுவிட்டேன். திறந்தபோது கொக்கி அண்ணன் புதுக் கயிற்றில் மேலே போய்க்கொண்டிருந்தார்.

மாடியில் என்ன நடந்தது என்று கேட்டால், "கயிறு மாத்தினோம்" என்கிறார். அவ்வளவுதான். 'மாத்தினோம்' என்றால் இன்னொருவர் யார் என்று கேட்டேன். "அவரே சொல்லட்டும்" என்கிறார்.

சொல்லுங்கள் அண்ணா.

தங்கை


ஏப்ரல் 21

அன்புத் தங்கைக்கு,

விடுப்பு போட்டது உண்மை. பதின்மூன்றாம் தேதி வீட்டில் இருப்புக்கொள்ளவில்லை. "போய்ப் பாத்துட்டுத்தான் வாங்களேன், உங்க தங்கச்சிதானே" என்று அண்ணி கோட்டை எடுத்துக் கையில் கொடுத்தாள். மேஜைக்குப் பின்னால் இருக்கிற சின்ன அறையில் போய் உட்கார்ந்துகொண்டேன். நீங்கள் இறங்கி வந்தால் கதவிடுக்கில் பார்த்துவிட்டுப் போய்விடலாம் என்று திட்டம். என் வயதுக்கு ஏற்ற வேலையா இது?

ஃபோன் அடித்தது. முன்னால் இருந்த பெண் வேறொரு விருந்தினரோடு இருந்தாள். நான் எடுத்தேன். "இருபத்திரண்டாவது மாடி, மூலை ரூம்" என்றது குரல். "காலை வணக்கம் சார், என்ன உதவி வேண்டும்?" என்றேன், வாய்ப்பாடு மாதிரி. "நான் ரூம்ல தங்கறவனா பேசல சார், கயித்து ஆளா பேசறேன். கிழக்குப் பக்கம் கயிறு அறுந்துட்டு இருக்கு. மொட்டை மாடிச் சாவியோட உடனே மேல வாங்க" என்றது.

சாவியை எடுத்தேன். யாரையாவது அனுப்பலாம் என்று தோன்றவே இல்லை. லிஃப்டில் ஏறினேன். கடைசி மாடிக் கதவு திறந்தபோது எதிரே வெறும் காலோடு மூச்சு வாங்க ஒரு மனிதர் நின்றார். நம் வீட்டில் உன் மேஜையில் இருந்த போட்டோவில் மட்டுமே நான் சரியாகப் பார்த்த முகம். எனக்கு அவரைத் தெரிந்தது. அவருக்கும் என்னைத் தெரிந்தது. படியேறி ஓடினோம்.

கயிற்றுக்குக் காவலாக நிற்க வேண்டியவன் அடுத்த பக்கத்தில் வேறு கயிறு எடுக்கப் போயிருந்தான். உன் வீட்டுக்காரர் அங்கே கிடந்த ஒரு புதுக் கயிற்றை இரும்புத் தூணில் கட்டிய வேகம் இருக்கிறதே, நான் ஷூ லேஸ் கட்ட அதைவிட அதிக நேரம் எடுப்பேன். ஆனால் அந்தக் கயிற்றை நேராகக் கீழே போட்டால் காற்றில் விலகிப் போகிறது. விளிம்புக்கு வெளியே பாதி உடம்பை நீட்டித்தான் கூட்டாளி கைக்குக் கொண்டுபோக வேண்டும். தனக்குக் கட்டிக்கொள்ளப் பாதுகாப்பு வார் எதுவும் இல்லை. தேனிலவுக்கு வந்த மனிதர் வார் கொண்டு வருவாரா?

"சார், என் இடுப்பைப் பிடிச்சுக்குங்க. விட்டுடாதீங்க. கீழ மட்டும் பாக்காதீங்க" என்றார். நான் குப்புறப் படுத்து, காலை ஒரு குழாயில் முட்டுக் கொடுத்து, அவர் இடுப்பு பெல்ட்டை இரண்டு கையாலும் பிடித்தேன். இருபத்தெட்டு வருஷம் பெட்டியும் சாவியும் பிடித்த கை. ஒரு மனிதனை அப்படிப் பிடித்ததில்லை. அவர் வெளியே சாய்ந்து, கீழே இருந்தவரிடம் அமைதியாகப் பேசினார். "கொக்கி, மேல பாக்காத. வலது கையை நீட்டு. புதுக் கயிறு வருது. அதுல மாட்டு. மாட்டிட்டியா? இன்னொரு தடவை இழுத்துப் பாரு. ம். இப்ப பழசை விடு." பச்சைக் குழந்தையிடம் பேசுகிற குரல். அவர் எலும்பெல்லாம் நடுங்குவது என் கையில் தெரிந்தது. குரலில் அது துளியும் இல்லை.

நடுவில், "சார், இன்னும் ஒரு சாண் முன்னால விடுங்க சார்" என்றார். எனக்கு என்ன ஆயிற்றோ, "சார்னு கூப்பிடாதீங்க, மச்சான்னு கூப்பிடுங்க!" என்று கத்தினேன். தலைகீழாகத் தொங்கிக்கொண்டே அவர், "முறையெல்லாம் அப்புறம் பேசிக்கலாம் சார், முதல்ல பெல்ட்டை இறுக்கிப் பிடிங்க" என்றார்.

கொக்கியை மேலே இழுத்துப் போட்டதும் மூன்று பேரும் தரையிலேயே கிடந்தோம். பழைய கயிற்றைக் கையில் எடுத்துப் பார்த்தேன். நாலைந்து இழைதான் மிச்சம். இன்னொரு கயிறும் பாதிக்குமேல் போயிருந்தது. கொக்கி உன் வீட்டுக்காரர் பாதத்தைப் பிடித்துக்கொண்டார். அவர் சட்டென்று காலை இழுத்து, "கூசுதுடா" என்று சொல்லிச் சிரித்தார்.

நான் உன்னைப் பார்த்ததும் ஏன் திரும்பிக்கொண்டேன் என்றால், அழுதுகொண்டிருந்தேன். வேறு காரணம் இல்லை.

மதியம் பெரிய மேலாளர் கூப்பிட்டு அனுப்பினார். எல்லாத் துறைத் தலைவர்களும் இருந்தார்கள். "அந்த ரூம்ல தங்கியிருந்தவர் யாரு? இந்த வேலை எப்படித் தெரிஞ்சது அவருக்கு?" என்று கேட்டார். நான் எழுந்து நின்றேன். "அவர் என் மாப்பிள்ளை சார். தங்கச்சி வீட்டுக்காரர்" என்றேன். "அதிகாரின்னு சொன்னீங்களே?" என்றார். "பொய் சொன்னேன் சார். பதினோரு வருஷமா இந்தக் கட்டடத்துக் கண்ணாடியைத் துடைக்கிறவர் அவர்தான். இனி யார் கேட்டாலும் அப்படித்தான் சொல்லப் போறேன்" என்றேன். பிறகு சலவைப் பிரிவு அம்மா முதலில் கை தட்டினார்.

மறுநாளே, இனி மேலே காவலாள் இல்லாமல் யாரும் கயிற்றில் இறங்கக் கூடாது, உறையை இரண்டு பேர் பார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும் என்று உத்தரவு வந்துவிட்டது. எழுதிக் கொடுத்தவர் மாப்பிள்ளை. நான் எழுத்துப் பிழை மட்டும் திருத்தினேன்.

உன் கல்யாணத்துக்கு வராததை என்னால் இனி மாற்ற முடியாது. பதிவு அலுவலகத்தில் 'நான்தான் பெண் வீடு' என்று நீ சொன்னதைப் படித்த நாளிலிருந்து அந்த வரியையே திரும்பத் திரும்ப எடுத்துப் படிக்கிறேன். வருகிற ஞாயிற்றுக்கிழமை அண்ணியும் நானும் உங்கள் வீட்டுக்கு வரலாமா? பதில் எழுது. மாப்பிள்ளையிடமும் கேள்.

அன்புடன் அண்ணன்


ஏப்ரல் 25

அன்புள்ள அண்ணா,

கேட்டா வர வேண்டும்? வாருங்கள். மதியச் சாப்பாட்டுக்கே வந்துவிடுங்கள். அண்ணிக்குப் பல்வலி வராமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

நேற்று உங்கள் கடிதத்தை அவரிடம் கொடுத்தேன். படித்தார். மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு வேலைக்குப் போனார். சாயங்காலம் கொக்கி அண்ணன் மூலமாகத்தான் எனக்கு விஷயம் தெரிந்தது. பின்வாசலில் டீ குடிக்கிற நேரத்தில் எல்லாரையும் நிற்கவைத்து, "என் மச்சான் எழுதியிருக்கார்" என்று மேலாளர் அறையில் நீங்கள் பேசிய பகுதியை மட்டும் இரண்டு தடவை படித்துக் காட்டினாராம். மாடியில் நடந்ததைப் படிக்கவே இல்லையாம். 'என் மாப்பிள்ளை சார்' என்ற இடம் வந்தபோது கடிதத்தை மீசைக்காரரிடம் கொடுத்து, "நீ படி" என்றாராம். தன்னைப் பற்றி ஒரு வார்த்தை பெருமையாகப் பேசாத மனிதர் அண்ணா அவர்.

எங்கள் வீட்டுக்கு மொத்தமே இரண்டு ஜன்னல். இன்று காலையிலிருந்து அவற்றை மூன்றாவது தடவையாகத் துடைத்துக்கொண்டிருக்கிறார். "ஞாயித்துக்கிழமைக்கு இன்னும் நாள் இருக்கே, அதுக்குள்ள மறுபடி தூசி படியாதா?" என்று கேட்டேன்.

"படியட்டும், மறுபடி துடைக்கறேன்" என்கிறார். "வர்றது என் மச்சான்!"

உங்கள் தங்கை